அவர் விழுங்க முடியாத நன்மை

என் கணவர் செஞ்சியிலிருந்து அவலூர்பேட்டை போகும் பஸ்ஸில் கண்டக்டராக இருந்தவர். தொண்டையில் புற்றுநோய் வந்தபோது முதலில் போனது குரல். பிறகு சோறு, அதன்பின் தண்ணீரும் இறங்கவில்லை. புதுச்சேரி ஆஸ்பத்திரியில் மூக்கு வழியாகக் குழாய் போட்டு, இனி வீட்டிலேயே வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று அனுப்பிவிட்டார்கள். அதற்கு என்ன அர்த்தம் என்று எங்கள் இருவருக்குமே தெரியும். ஊர் வந்து சேரும்வரை அவர் என் கையை விடவில்லை.

அன்றிலிருந்து நான் நன்மை வாங்குவதை நிறுத்தினேன். நற்கருணை பெறுவதை நாங்கள் அப்படித்தான் சொல்வோம். ஞாயிறு பூசைக்குப் போவேன். எல்லோரும் எழுந்து வரிசையில் போகும்போது காலை ஒடுக்கி வழிவிட்டு, உட்கார்ந்த இடத்திலேயே இருப்பேன். என் புருஷனுக்கு ஒரு மடக்குத் தண்ணீர் இறங்கவில்லை. நான் மட்டும் போய் எதை வாங்கிச் சாப்பிடுவது? வேண்டி வேண்டி வாய் ஓய்ந்துபோயிருந்தது.

ஒருநாள் காலை குழாயில் கஞ்சி ஊற்றிக்கொண்டிருந்தேன். அவர் நோட்டில் எழுதிக் காட்டினார்: 'நன்ம வாங்கணும்.'

"எப்டிங்க முழுங்குவீங்க? பொரையேறிடுச்சின்னா இன்னா பண்றது?"

எழுதியதன் கீழே இரண்டு கோடு போட்டார்.

எங்கள் கோயில் பங்குச் சாமியாரிடம் சொன்னேன். அடுத்த ஞாயிறு பூசை முடிந்ததும் வீட்டுக்கு வந்தார். நன்மை அப்பத்தில் அரிசி நொய் அளவு கிள்ளி, கரண்டித் தண்ணீரில் ஊறவைத்தார். "கிறிஸ்துவின் உடல்" என்றார். என் கணவரின் உதடு மட்டும் அசைந்தது. கரண்டியை வாயில் சாய்த்த மறுகணமே இருமல் பிடித்துக்கொண்டது. கண் செருகியது, கழுத்து நரம்பு புடைத்தது. முதுகைத் தாங்கிப் பிடித்தேன். எச்சிலோடும் ஓர் இழை ரத்தத்தோடும் அந்தத் துணுக்கு என் உள்ளங்கையில் வந்து விழுந்தது.

சாமியார் வெள்ளைத் துணி ஒன்றை நீட்டினார். "இதுல குடுங்கம்மா. தண்ணில கரைச்சிடலாம். தப்பில்ல."

நோய் வந்த இத்தனை மாதத்தில் என் கணவர் அழுது நான் பார்த்ததில்லை. இதுகூட தனக்கு இல்லையா என்பதுபோல முகம் கோணி, சத்தமே வராமல் அழுதார்.

என்ன நினைத்தேன் என்று இன்றும் சொல்லத் தெரியவில்லை. கையை வாய்க்குக் கொண்டுபோய் விழுங்கிவிட்டேன். பக்தியெல்லாம் இல்லை. அவரிடமிருந்து வந்ததைத் துணியில் சுருட்டிக் கொடுக்க மனம் வரவில்லை, அவ்வளவுதான். சாமியார் நீட்டிய துணியை மடித்து வைத்துக்கொண்டார்.

கொஞ்ச நேரம் கழித்து என் கணவர் நோட்டைக் கேட்டு வாங்கினார். 'கசந்துதா?'

"இல்லங்க."

கசந்தது. மருந்தும் சீழும் சேர்ந்த கசப்பு. அவர் வாயில் அது எத்தனை நாளாக இருந்ததோ. பக்கத்திலேயே கிடந்தும் எனக்கு அதுவரை தெரியாது.

அதன்பிறகு குணமாகிவிடும் என்று மனசின் ஒரு மூலையில் நம்பினேன். ஆகவில்லை. பத்தாம் நாள் மத்தியானம், தலையணை உறை மாற்றிக்கொண்டிருந்தபோதே போய்விட்டார்.

அடக்கப் பூசையில் நானும் எழுந்து வரிசையில் நின்றேன். கடவுள்மேல் இருந்த கோபம் தீர்ந்துவிடவில்லை. முன்பெல்லாம் நன்மை வாங்கும்போது ஏதாவது கேட்பேன். அன்று கேட்க எதுவும் இல்லை. அவர் கிடந்த பெட்டிக்குப் பக்கத்தில் நின்று வாங்கிக்கொண்டேன். திரும்பி நடந்தேன். பின்னால் வந்த நாத்தனார் என் கையைப் பிடித்துக்கொண்டாள். அவளும் அப்போதுதான் வாங்கியிருந்தாள். இருவரும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்தோம்.