தையல்காரம்மா வீட்டில் குறைந்துபோன ஓரடி

சங்கத்தில் அவரை எல்லோரும் 'டேப்பு' என்றுதான் கூப்பிடுவார்கள். இருபத்திரண்டு வருஷமாக அளவுக்காரர் வேலை. நெசவாளர் சங்கம் நெய்து தரும் நிலைத்துணி சுவரில் தொங்கினால்தான் ஓர் அறை அறையாக இருக்கும். துணி நைந்துவிட்டால் பிடிமானம் போய்விடும். கதவு நாலே நாளில் பக்கத்துச் சுவருக்கு நகர்ந்திருக்கும், ஜன்னல் முழங்கால் உயரத்துக்கு இறங்கிவிடும். வீட்டுக்காரர் சங்கத்துக்கு எழுதிப் போட்டால் முதலில் போய் நிற்பவர் டேப்பு. அவர் எழுதித் தரும் அளவுக்குத்தான் தறியில் துணி ஏறும். துணி சுவரில் ஏறியதும் அறை அந்த அளவிலேயே நின்றுவிடும்.

ஆள் நல்ல பருமன். நாலு படி ஏறினால் மூச்சு வாங்கும். ஆனால் அளவில் கறார். அவர் மனைவி அதே சங்கத்தில் தறிக்காரி, கைநேர்த்திக்குப் பேர் போனவள். அவள் நெய்த துணி திரும்பி வருவதே இல்லை. வந்தது ஒன்றே ஒன்று, அதுவும் இவரால்தான்.

பிடி விட்ட அறை வேளைக்கு ஓர் அளவு காட்டும். காலையில் சுருங்கும், மத்தியானம் உப்பும், பொழுது சாயும்போதுதான் அடங்கித் தன் சொந்த அளவுக்கு வரும். முதல் இரண்டு அளவும் எவ்வளவு கனமான நூல் வேண்டும் என்று பார்க்க. மூன்றாவதுதான் அறையின் அளவு. ஒரு தையல்காரம்மா வீட்டுக்குப் போன அன்று டேப்புக்குப் பல்வலி. காலையில் ஒன்பது அடி, மத்தியானம் பதின்மூன்று. அதற்குள் கன்னம் பன் மாதிரி வீங்கிவிட்டது. பல் டாக்டரிடம் போய்விட்டுச் சாயங்காலம் வரலாம் என்று கிளம்பியவர், பல்லைப் பிடுங்கிக்கொண்டு நேராக வீட்டுக்குப் போய்ப் படுத்துவிட்டார். மறுநாள் ஒன்பதுக்கும் பதின்மூன்றுக்கும் நடுவே பதினொன்று என்று எழுதிக் கொடுத்தார். கூட்டல் வகுத்தலில் பிழையில்லை. அறைதான் அதற்குக் கட்டுப்பட்டதில்லை.

மனைவி பத்தொன்பது நாள் உட்கார்ந்து நெய்தாள். துணி தொங்கியது, கதவு ஜன்னல் எல்லாம் அதனதன் இடத்துக்கு வந்தன. டேப்பும் அதை மறந்துபோனார்.

ஒரு வருஷம் கழித்துச் செயலாளர் கூப்பிட்டனுப்பினார். செயலாளர் வயதில் சின்னவர்.

"அண்ணே, அந்தத் தையல்காரம்மா ஆறாவது தடவையா வந்துட்டுப் போறாங்க. ரூம் சின்னதாயிடுச்சாம். நம்ம ஆளுங்க ரெண்டு பேர் அளந்து பார்த்துட்டாங்க, பதினொண்ணுதான். வயசாயிடுச்சு, பாவம். நீங்க ஒரு தடவை அளந்து காட்டிட்டு வந்துடுங்க. பழைய ஆளு சொன்னா கேப்பாங்க."

டேப்பு போனார். அளந்தார். பதினொன்று, ஓர் இழை கூடவில்லை, குறையவில்லை. தையல்காரம்மா அளவு டேப்பைப் பார்க்கவே இல்லை. மூலையில் சாத்தியிருந்த மரத்துண்டு ஒன்றை எடுத்து வந்து, உட்கார்ந்து மூச்சு வாங்கிக்கொண்டிருந்தவர் மடியில் வைத்தார்.

"இதையும் அளங்க சார்."

வெட்டுமேசையின் முனை அது. சாக்குக்கட்டிக் கோடும் கத்தரி கீறிய தடமும் அதில் நிறைய இருந்தன. கிட்டத்தட்டச் சுவருக்குச் சுவர் கிடந்த மேசையாம். அறை தளர்ந்ததும் வெளியே தூக்கி வைத்தார்களாம். துணி தொங்கிய பிறகு உள்ளே போடப் பார்த்தால் நுழையவில்லையாம். தச்சரைக் கூப்பிட்டு அறுக்க வேண்டியதாகிவிட்டது.

"எம் பிள்ளைங்களே என்னை நம்பலை. மேசைதான் வெளியில கிடந்து ஊறிப் பெருசாயிருக்கும்மாங்கறான் பெரியவன். நானும் சரி, நமக்குத்தான் மண்டை குழம்பிப்போச்சுன்னு இருந்துட்டேன்."

துண்டு சரியாக ஓரடி இருந்தது. டேப்புக்கு அந்தச் சாயங்காலமும் வீங்கிய கன்னமும் ஞாபகம் வந்தன. "பாத்துச் சொல்றேம்மா" என்று மட்டும் சொல்லிவிட்டு வந்துவிட்டார்.

இனி எந்த அளவு டேப்பைப் போட்டாலும் பதினொன்றுதான் காட்டும். வாயைத் திறக்காவிட்டால் யாராலும் எதையும் கண்டுபிடிக்க முடியாது. அதுதான் அவரை அரித்தது. இரண்டு நாள் சோறு இறங்கவில்லை. மூன்றாம் நாள் மனைவியிடம் சொன்னார்.

அவள் காய் நறுக்குவதை நிறுத்தவில்லை. "சாயங்காலம் போகவே இல்லையா?"

"இல்லை."

"பல்லு வலிச்சா பல்லு வலிக்குதுன்னு எழுதிக் குடுத்துட்டு ஒரு நாள் லீவு போடறதுக்கு என்ன? பத்தொன்பது நாள் என் இடுப்பை ஒடிச்சுக்கிட்டு உங்க பொய்யை நெய்ஞ்சிருக்கேன்." கத்தியைக் கீழே வைத்தாள். "நாளைக்குப் போய்ச் சொல்லிடுங்க. நீங்க சொல்லலைன்னா நான் சொல்லுவேன்."

செயலாளருக்கு விஷயம் புரியவே நேரம் பிடித்தது. "நீங்க எழுதினது பதினொண்ணு. ரூமும் பதினொண்ணு. இதுல தப்பு எங்கண்ணே இருக்கு?"

"நான் எழுதினதாலதான் அது பதினொண்ணு ஆச்சு."

"மெதுவாப் பேசுங்க. இது வெளியே போனா ஊர்ல அத்தனை பேரும் எனக்கு ஓரடி குறையுதுன்னு வந்து நிப்பாங்க."

"குறைஞ்சிருந்தா வரட்டுமே."

டேப்பு தன் தப்பை எழுதியே கொடுத்துவிட்டார். செயலாளர் தலையில் அடித்துக்கொண்டு துணியைப் பிரிக்க உத்தரவு போட்டார்.

நிலைத்துணியை நெய்தவளேதான் பிரிக்க வேண்டும், அதுவும் அந்த அறையில் வைத்தே. புருஷனும் பெண்சாதியும் போய் நின்றதும் தையல்காரம்மா வாசலிலேயே பிடித்துக்கொண்டார்.

"இறுக்கமாத் தைச்ச சட்டையை மறுநாளே பிரிச்சுக் குடுக்கிறவ நான். ஒரு வருஷமா என்னைப் பைத்தியக்காரியா நடமாட விட்டுட்டீங்களே சார்."

மனைவிதான், "உள்ள வரலாங்களா?" என்று கேட்டாள்.

பிரிக்க மூன்று நாள் ஆயிற்று. இழை உருவ உருவச் சுவர்கள் தளர்ந்தன. ஒருமுறை ஜன்னல் டேப்பின் தோளை உரசிக்கொண்டு போயிற்று. மூன்றாம் நாள் பொழுது சாய்ந்து அறை அடங்கியதும் அவர் அளவு டேப்பை நீட்டினார். மறுமுனையைத் தையல்காரம்மா பிடித்துக்கொண்டார். பன்னிரண்டு அடி இரண்டு அங்குலம்.

"பன்னிரண்டுதான்" என்றார் தையல்காரம்மா.

"ரெண்டு அங்குலம் கூட இருக்கும்மா."

"இருக்காது." குனிந்து பார்த்தார். மறுபடி பிடிக்கச் சொல்லிப் பார்த்தார். "முப்பது வருஷமா பன்னிரண்டுன்னே நினைச்சுட்டிருந்தேனே!" அந்த வீட்டில் அவர் சிரித்ததை டேப்பு அன்றுதான் பார்த்தார்.

புதுத் துணி தொங்கியது. மேசைக்குத் தச்சர் துண்டை ஒட்டிக் கொடுத்தார். ஒட்டு தெரியத்தான் செய்தது. டேப்பைச் சங்கம் நாலு மாதத்துக்குத் தார் சுற்றும் அறையில் போட்டது. தறி நாடாவுக்கு நூல் சுற்றித் தரும் வேலை. அந்தத் தடித்த விரல்களுக்கு அது வாய்க்கவில்லை. அவர் சுற்றிய நூல் தறியில் பொழுதுக்கும் அறுந்தது. கடைசியில் மனைவியே செயலாளரிடம் போய், "தண்டனை அவருக்கா எனக்கா? அவரை வெளியே அனுப்பிடுங்க, கோடி புண்ணியம்" என்று கெஞ்சியதால் மூன்றாம் மாதமே பழைய வேலைக்கு வந்தார்.

இப்போது அளவுத்தாளில் மறுமுனை பிடித்த வீட்டுக்காரரும் கையெழுத்துப் போட வேண்டும். வேலைக்குப் போகும் வீட்டுக்காரர்கள், அதற்காக லீவு போட வேண்டியிருக்கிறதென்று முணுமுணுக்கிறார்கள். டேப்பு காதில் போட்டுக்கொள்வதில்லை. அவர் கொண்டுவரும் தாளைப் பார்த்துத் தறியில் பாவு ஏற்றுவதற்கு முன் மனைவி ஒவ்வொரு தடவையும் கேட்கிறாள், "சாயங்காலம் போனீங்களா?"

"போனேன்" என்கிறார். அவள் கேட்பதில் அவருக்குக் கோபம் இல்லை. இரண்டாம் தடவையும் கேட்டால்தான் கொஞ்சம் முகம் சுண்டும்.