திருச்சுழிக்குப் போன எள் பிஸ்கட்

1972 ஆவணியில் ஒரு புதன்கிழமை. காலை ஐந்தே முக்காலுக்கு விருதுநகரில் பஸ் ஏறினேன். அருப்புக்கோட்டை இருபது கிலோமீட்டர், டிக்கெட் அறுபத்தைந்து காசு. மடியில் ஒரு பாட்டில் மிளகாய்ப் பொடி. எத்தியோப்பியாவில் ஏழு வருஷம் கணக்கு டீச்சராக இருந்தபோது கற்றுக்கொண்ட மசாலா அது. மிளகாய், வெந்தயம், ஏலம், சுக்கு எல்லாம் வறுத்து இடிப்பது. அங்கே பெர்பெரே என்பார்கள். பாலவனத்தத்தில் ஏறிய ஓர் அம்மாள் வாசனை பிடித்து, "எந்தக் கொழம்புக்கு?" என்றாள். பிஸ்கட்டுக்கு என்றேன். என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். திரும்பட்டும்.

ஆறரை மணிக்குக் காதர் பாயின் பேக்கரி. வீரசோழன்காரர், ரங்கூனில் ஒரு சீனர் பேக்கரியில் பன்னிரண்டு வருஷம் மாவு பிசைந்தவர். அங்கே பன்றிக் கொழுப்பில் செய்த எள் பிஸ்கட்டை இங்கே வனஸ்பதியில் செய்கிறார். ஆனால் பன்னும் ரஸ்க்கும் விற்று மட்டும் கட்டுப்படியாகவில்லை. அவர் எள் பிஸ்கட்டில் என் மசாலாவைச் சேர்த்து அன்று சுடவிருந்த எங்கள் புது பிஸ்கட்டைத் திருச்சுழி பலசரக்குக் கடை எடுக்காவிட்டால், வெள்ளிக்கிழமை அடுப்பை இடித்துவிட்டு மெட்ராஸுக்கு ஓட்டல் வேலைக்குப் போவதென்று முடிவு செய்திருந்தார். எனக்கு அது ஒப்பவில்லை. இரண்டு சீமையின் ருசி தெரிந்த அடுப்பு இந்த வட்டாரத்தில் வேறு எங்கே இருக்கிறது?

மைதா, கால் பங்கு கம்பு மாவு, வெல்லத்தூள், இடித்த அன்னாசிப்பூ. பெர்பெரேயில் மூன்றாவது கரண்டியை எடுத்தபோது பாய் தடுத்தார்.

"ரெண்டு போதும் டீச்சர். புள்ளைக திங்க வேணாமா?"

"மொளகா வெளையுற ஊருப் புள்ளைக பாய். திங்கும்."

மூன்றையும் போட்டேன். உருட்டித் தட்டி, ஒரு பக்கத்தை எள்ளில் அமுக்கி, கருவேல விறகு எரிந்து தணிந்த அடுப்புக்குள் தள்ளினார். முதல் தட்டு அடியில் கருகியது. இரண்டாவது தட்டு நன்றாக வந்தது. வாயில் முதலில் எள், பிறகு இனிப்பு, தொண்டையில் இறங்கும்போது காரம்.

பதினொன்றே காலுக்கு இருவரும் தகர டின்னோடு திருச்சுழி பஸ் ஏறினோம். பதினான்கு கிலோமீட்டர், நாற்பத்தைந்து காசு. இரண்டு பக்கமும் மழைக்காக உழுதுபோட்ட வெறுங்காடு.

கடைக்கார அண்ணாச்சியிடம் ஒரு பிஸ்கட்டை எடுத்து நீட்டினேன். சட்டென்று இரண்டு கையையும் பின்னால் கட்டிக்கொண்டார். எனக்குச் சுருக்கென்றது. கிறிஸ்தவ வேதக்காரியான நானும் பாயும் சுட்ட பண்டத்தைத் தொட மாட்டாரோ? கேட்டே விட்டேன்.

"அய்யய்யோ, அதில்ல டீச்சர். எள்ளுல்ல ஒட்டியிருக்கு. கைக்குக் கை மாறுனா பகையாயிரும். பாட்டில்ல இருந்து ஒவ்வொருத்தருக்கா எடுத்து நான் எப்பிடிக் குடுப்பேன்? யாவாரம் பாக்கவா, சண்டை வளக்கவா?"

அப்போதுதான் உறைத்தது. கடல் கடந்து கிடந்த நாங்கள் இருவருமே அதை மறந்துபோயிருந்தோம். பாய் டின்னை மூடத் தொடங்கினார். நான் மூட விடவில்லை. எத்தியோப்பியாவில் பிரியமானவருக்குக் கவளத்தை உருட்டி வாயிலேயே ஊட்டுவார்கள். வேண்டாமென்றால்தான் அங்கே மனஸ்தாபம்.

"கையிலதான அண்ணாச்சி வாங்கக் கூடாது?" என்று சொல்லிவிட்டு, உள்ளே பருப்பு அளந்துகொண்டிருந்த அவர் மனைவியிடம் போனேன். "வாயத் தொறங்க மதினி."

அவர் புருஷனைப் பார்த்தார். பிறகு வாயைத் திறந்தார். ஊட்டினேன். மென்றார். கண்ணில் நீர் முட்டியது. அண்ணாச்சி பதறி, தண்ணீர் வேண்டுமா என்று கேட்டார்.

"ஒண்ணும் வேணாம். டீச்சர், இன்னொண்ணு குடுங்க." உள்ளங்கையை நீட்டினார்.

"ஏய், எள்ளு," என்றார் அண்ணாச்சி.

"தெரியும். பகை வந்தா எனக்கும் டீச்சருக்கும்தான. வரட்டும்."

கடைக்கு வந்திருந்த நாலு பேர் பார்க்க, என் கையிலிருந்தே வாங்கித் தின்றார். அண்ணாச்சி புளிப்பு மிட்டாய் பாட்டிலைக் காலி செய்து, துடைத்து, பிஸ்கட்டை நிரப்பப் பாயிடம் கொடுத்தார்.

இரண்டரை மணி பஸ்ஸில் திரும்பினோம். ஏழு வருஷம் அந்நிய நாட்டுக்காரர்கள் கையால் கவளம் வாங்கியிருக்கிறேன். சொந்தச் சீமையில் என் கையிலிருந்து துணிந்து வாங்க ஒரு பெண்பிள்ளை இருக்கிறாள் என்பது அன்றுதான் தெரிந்தது. மதினிக்கும் எனக்கும் இன்றுவரை சண்டை வரவில்லை. வந்தாலும் வரட்டும், வாராவாரம் போகும் இரண்டு டின் மட்டும் நிற்காது.