கோப்புகளில் எனக்கு முன்னால் வித்யா

கிழக்கு ஜெர்மனியில் அரசை எதிர்த்து யோசித்தவர்களைப் பற்றி ஒஸ்லோவில் இருந்துகொண்டு ஆராய்வது என் தொழில். இதில் ஒரு கோப்பை முதலில் திறந்தவருக்குத்தான் மரியாதை, இரண்டாமவருக்கு அடிக்குறிப்பு. பக்கத்து மேசைக்காரரைப் பார்த்து வயிறெரியும் வாசகர்களுக்கு இதற்குமேல் விளக்கம் தேவையில்லை.

முன்பக்கத் தாள்

ஜெர்மன் காப்பகத்தில் ஒவ்வொரு கோப்பின் முகப்பிலும் ஒரு தாள் இருக்கும். படித்தவர்கள் அதில் பெயரும் தேதியும் எழுதிக் கையெழுத்து வைக்க வேண்டும். நல்ல ஆய்வாளர் நேரே உள்ளே போவார். நான் தாளைத்தான் பார்ப்பேன்.

மூன்று நாளில் பதினொரு கோப்பு எடுத்தேன். பதினொன்றிலும் வித்யாவின் கையெழுத்து! கோயம்புத்தூர்ப் பெண், துறைக்கு வந்து இரண்டு வருடம், எனக்குப் பக்கத்து மேசை. இருக்கிற ஒரேயொரு நிரந்தரப் பதவிக்கு இருவருமே விண்ணப்பித்திருந்தோம். காப்பக அம்மையார் என் முகத்தைப் பார்த்துவிட்டுக் கேட்டார்: "பெயரைப் படித்து முடித்துவிட்டீர்கள் என்றால் கோப்பை எடுத்துக்கொள்ளட்டுமா?"

ரொம்சோஸில் இரவுச் சாப்பாடு

ஒஸ்லோவின் ஓரத்தில், ரொம்சோஸில் இருக்கும் எங்கள் வீட்டிலும் அதே புலம்பல்தான். அவளுடைய ஜெர்மன், அவளுடைய கட்டுரை, அவளைக் கண்டால் பேராசிரியருக்கு வரும் சிரிப்பு. என் மனைவி புட்டை என் தட்டில் போட்டபடி சொன்னாள்: "இஞ்சையப்பா, அந்தப் பிள்ளையின்ரை பேரை இண்டைக்கு ஏழு தரம் சொல்லிப்போட்டியள். என்ரை பேரை ஒருக்காலும் சொல்லேல்லை."

வெறுந்தாள்

அடுத்த பயணத்தில் கிடைத்தது, தன் சமையலறையில் இரகசிய வாசிப்பு வட்டம் நடத்திய ஒரு பெண்ணைப் பற்றிய உளவுக் கோப்பு. தாளில் ஒருவர் பெயரும் இல்லை. முதல் ஆளாகக் கையெழுத்து வைத்தேன். பதவிக்கான நேர்முகத்திலும் அதை வைத்தே பேசினேன். எவரும் தொடாத கோப்பு, ஒவ்வொரு வரியும் புதிது என்று அடித்துச் சொன்னேன்.

மறுநாள் மதியச் சாப்பாட்டில் வித்யாவிடமும் சொன்னேன். அவள் முகம் வாடுவதைப் பார்க்கத்தான் சொன்னேன், மறைப்பானேன். அவளோ பரிதாபமாகப் பார்த்தாள்.

"ஐயோ, அந்த ஃபைலா சார்? அந்த வட்டம் நடத்துன அம்மாகிட்டயே கேட்டிருக்கலாமே, இன்னும் உயிரோடதான் இருக்காங்க. அதை உளவுத்துறைக்கு எழுதிக் கொடுத்ததே அவங்க புருஷன்தானாம், பாதிக்கு மேல பொய்யாம். அதான் நான் அதைத் தொடவே இல்ல, நாலு நாள் அவங்க கிச்சன்லயே உட்கார்ந்து நேரா கேட்டுட்டேன்."

பதவி வித்யாவுக்குப் போய்விட்டது, ஆனால் அந்தக் கோப்பில் முதல் கையெழுத்து இன்றைக்கும் என்னுடையதுதான்.