பூட்டிய கதவின் முன்னே ஒரு வாளி காராமணி

எங்கள் லாண்டரியில் அவளுக்குப் புளிப்பக்கா என்று பெயர். யார் அப்படிக் கூப்பிட்டாலும் கோபித்துக்கொள்ள மாட்டாள். "இனிப்பா இருந்து என்னத்தைக் கண்டோம்?" என்பாள். ஐம்பத்து மூன்று வயது, குட்டையான உருவம், ஒருவர் பேசி முடிக்கும்வரை கண்ணை எடுக்காமல் பார்க்கிற பழக்கம்.

ஓட்டல்களிலிருந்தும் ஆஸ்பத்திரிகளிலிருந்தும் மூட்டை மூட்டையாக வரும் விரிப்புகளைத் துவைத்து, தேய்த்து, மடித்து அனுப்புவதுதான் எங்கள் வேலை. நான் பெரிய இஸ்திரி உருளைக்குள் ஈர விரிப்பின் முனையைப் பிடித்து விடுவேன். மறுபக்கம் சுடச்சுட வெளியே வருவதை அவள் வாங்கி மடிப்பாள். பதினோரு வருடம் அப்படி எதிரும் புதிருமாக நின்றிருக்கிறோம்.

அந்தப் பெயர் அவளுக்குக் காராமணியால் வந்தது. யாராவது வேலையை விட்டுப் போனாலோ, யாருக்காவது குழந்தை பிறந்தாலோ, மூடி போட்ட வாளி நிறைய காராமணி சாலட் கொண்டுவருவாள். வினிகரில் ஊறி, வெங்காயமும் குடைமிளகாயும் பச்சை மிளகாயும் கலந்து, சில்லென்று இருக்கும். உருளைக்கு முன்னால் நான்கு மணி நேரம் வெந்தவர்களுக்கு மதியம் சூடான எதையும் பார்க்கவே பிடிக்காது. அந்தப் புளிப்பு நாக்கில் பட்டதும்தான் உயிர் வரும்.

அதை அவள் செய்ய ஆரம்பித்த கதை வேறு. லிஃப்ட் மெக்கானிக் ஒருவரைக் காதலித்துக் கட்டிக்கொண்டவள் அவள். அவர் வீட்டில் யாருக்கும் அதில் இஷ்டமில்லை. மாமனார் வேலையிலிருந்து ஓய்வு பெற்ற அன்று வீட்டில் விருந்து. உதவலாம் என்று சமையலறைக்குள் போனவளை மூத்த ஓரகத்தி வாசற்படியிலேயே நிறுத்தினாள். "நீ போய் உட்காரு. இங்க இடமில்ல."

அடுத்த விருந்துக்கு அவள் சமையலறைப் பக்கமே போகவில்லை. தன் வீட்டிலேயே காராமணியை வேகவைத்து, ஒரு ராத்திரி ஊறவைத்து, எவர்சில்வர் பாத்திரத்தோடு வந்து சாப்பாட்டு மேசையின் நட்டநடுவில் வைத்தாள்.

"ஆறிப்போன பயறை யாரு சாப்பிடுவா?" என்றாள் ஓரகத்தி, எல்லாருக்கும் கேட்கிற மாதிரி.

"ஆறிப்போகலக்கா, ஊறிப்போயிருக்கு."

யாரும் தொடவில்லை. அவளும் புருஷனும் மட்டும் அத்தனை பேர் முன்னாலும் ஆளுக்கு இரண்டு தட்டு சாப்பிட்டுவிட்டு, மிச்சத்தை வீட்டுக்குத் தூக்கிப் போனார்கள். நானாக இருந்தால் அதோடு தலைமுழுகியிருப்பேன். அவள் அடுத்த விசேஷத்துக்கு இரண்டு மடங்கு பெரிய பாத்திரத்தில் கொண்டுபோனாள்.

"ஏங்க்கா?" என்று ஒருமுறை கேட்டேன்.

"சின்னப் பாத்திரம்னா ஓரமா ஒதுக்கிடுவாங்க. பெருசை எங்க ஒதுக்குவாங்க?"

மூன்றாவது தடவை ஓரகத்தியின் புருஷனே கரண்டியை எடுத்தாராம். அதற்குப் பிறகு, "அந்தக் காராமணி உண்டுதானே?" என்று முதல் நாளே போன் வர ஆரம்பித்தது. ஓரகத்தியும் ஒருநாள் மனசு இறங்கிவந்து செய்முறை கேட்டாள்.

"சொன்னியாக்கா?" என்றேன்.

"சொன்னேன். வினிகரை எப்ப ஊத்தணும்ங்கறதை மட்டும் சொல்லல."

எனக்குச் சொல்லியிருக்கிறாள். காராமணி நசுக்கினால் நசுங்க வேண்டும், தோல் பிரியக் கூடாது. அந்தப் பதத்தில் நீரை வடித்து, சூடு குறைவதற்குள் வினிகர், எண்ணெய், பூண்டு, உப்பு, ஒரு சிட்டிகை சர்க்கரை கலந்ததை ஊற்றிவிட வேண்டும். சூட்டில் இருக்கும்போதுதான் அது குடிக்கும். ஆறிய பிறகு ஊற்றினால் மேலே பூசிக்கொண்டு சும்மா நிற்கும். ஓரகத்தி செய்தது கடைசிவரை அப்படித்தான் நின்றது.

நான்கு வருடத்துக்கு முன் லாண்டரிக்குப் புது மேனேஜர் வந்தார். கணக்கில் விரிப்புகள் குறைகின்றன என்று சொல்லி, வந்த வாரமே உருளைகளுக்குப் பின்னால் இருந்த கதவைப் பூட்டிவிட்டார். எங்களுக்கு இருந்த ஒரே காற்று அந்த வழியாகத்தான் வரும். பிறகு மதியச் சாப்பாட்டில் கை வைத்தார். எல்லாரும் சேர்ந்து சாப்பிடக் கூடாது, மூன்று மூன்று பேராகத்தான் போக வேண்டும். கூட்டம் கூடினால் பேச்சு வளருமாம்.

மூன்றாவது மாதம், உலர்த்தும் இயந்திரத்தில் நின்ற பெண், நாங்கள் நெட்டை என்று கூப்பிடுகிறவள், மயங்கி விழுந்தாள். விழுந்த வேகத்தில் தள்ளுவண்டியின் விளிம்பு நெற்றியைக் கிழித்துவிட்டது. பக்கத்திலிருந்த அந்தக் கதவு பூட்டியிருந்ததால், ஈரத் தரையில் வழுக்கிக்கொண்டு, கூடம் முழுக்கச் சுற்றி முன்வாசல் வழியாகத்தான் அவளைத் தூக்கிப் போனோம். நான்கு தையல்.

புளிப்பக்கா நேராக மேனேஜர் அறைக்குப் போனாள். துணைக்கு நானும் போய்ப் பின்னால் நின்றேன்.

"இன்னொரு ஃபேன் போடச் சொல்றேன்மா," என்றார் அவர், தலையை நிமிர்த்தாமல்.

"சூட்டுக் காத்தையே சுத்தி விடவா? கதவைத் திறங்க சார்."

"துணி காணாமப் போகுது."

"துணி போனா வேற வாங்கலாம். நாளைக்கு இங்க நெருப்புப் பிடிச்சா நாங்க எந்த வழியாப் போறது?"

"போய் வேலையைப் பாருங்க."

எழுதிக் கொடுத்தாள். பதில் இல்லை. மறுபடியும் எழுதிக் கொடுத்தாள். அதற்கும் இல்லை. அந்த வாரக் கடைசியில் மூன்று கிலோ காராமணி வாங்கிப் போனாள்.

"இவ்வளவா? யாருக்கு விருந்து?" என்று கேட்டாராம் அவள் புருஷன்.

"ஒரு பூட்டுக்கு."

விஷயத்தைக் கேட்டதும் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தவர் கத்தியைக் கீழே வைத்துவிட்டார். "வேலை போயிடுமேம்மா."

"போகட்டும். ஆனா அடுத்த தடவை ஒருத்தி விழுந்தா, நான் அங்க நின்னு துணி மடிச்சுட்டிருக்க மாட்டேன்."

 அவர் கத்தியை மறுபடி எடுத்துக்கொண்டு, "மிளகாய் எத்தனை போடணும்?" என்று கேட்டாராம். இதைச் சொல்லும்போது மட்டும் புளிப்பக்காவின் குரல் ஒரு மாதிரி ஆகிவிடும்.

திங்கட்கிழமை பன்னிரண்டரை மணி. அவள் காலையிலேயே எல்லார் காதிலும் விஷயத்தைப் போட்டிருந்தாள். மடிப்பதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள். நான் உருளையை அணைத்தேன். அதை நானாக அணைத்தது அதுதான் முதல் தடவை. சத்தம் மெல்ல மெல்ல அடங்கியது. அடுத்த உருளை நின்றது. உலர்த்துகிற பக்கமும் நின்றது. முப்பத்து நான்கு பேரும் பூட்டிய கதவுக்கு முன்னால் தரையில் உட்கார்ந்தோம். அவள் வாளியைத் திறந்து, காலையில் நறுக்கிக்கொண்டுவந்த தக்காளியைக் கொட்டிக் கிளறி, ஒவ்வொரு தட்டிலும் போட்டாள்.

மேனேஜர் ஓட்டமும் நடையுமாக வந்தார். "என்ன இது?"

"காராமணி சார். உங்களுக்கும் ஒரு தட்டு இருக்கு."

"மூணு பேருக்கு மேல கூடக் கூடாதுன்னு சொல்லியிருக்கேன்ல?"

"கதவைத் திறங்க. வாளியைத் தூக்கிட்டு எல்லாரும் வெளியில போயிடறோம். அப்புறம் உங்க கூடத்துல கூட்டமே இருக்காது."

அவர் சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்தார். "ஒவ்வொருத்தர் பேரையும் எழுதப் போறேன்."

பின்னால் இரண்டு மூன்று பேர் எழுந்திருக்கப் பார்த்தார்கள். அவர்களைக் குறை சொல்ல மாட்டேன். எனக்கே வாயில் இருந்ததை மென்றேனா விழுங்கினேனா என்று தெரியவில்லை.

"எழுதுங்க சார்," என்றாள் புளிப்பக்கா. "முதல் பேரு என்னோடது. தப்பில்லாம எழுதுங்க."

நெற்றியில் பிளாஸ்திரியோடு உட்கார்ந்திருந்த நெட்டை கையைத் தூக்கினாள். "ரெண்டாவது என்னோடது."

மூன்றாவது நான். அதற்குப் பிறகு எல்லாரும் ஒரே நேரத்தில் பேர் சொல்ல ஆரம்பித்தார்கள். எழுந்தவர்களும் உட்கார்ந்துவிட்டார்கள். மேனேஜரின் கை நின்றுவிட்டது. முன்வாசலில் ஓட்டல் வண்டி வந்து ஹாரன் அடித்துக்கொண்டிருந்தது. ஏற்றுவதற்கு மடித்த விரிப்பு இல்லை. அவர் உள்ளே போனார், யாருக்கோ போன் பண்ணினார், வெளியே வந்தார், மறுபடி போனார். நாங்கள் இரண்டாம் தட்டு சாப்பிட்டோம்.

ஒன்றே முக்காலுக்குச் சாவியோடு வந்தார். பூட்டு இறுகிப்போயிருந்தது, கொஞ்ச நேரம் திண்டாடினார். கதவு திறந்ததும் யாரும் கைதட்டவில்லை. காற்று உள்ளே வந்தது. நெட்டை மட்டும் கண்ணை மூடிக்கொண்டு முகத்தைக் காட்டினாள்.

மறுநாள் புளிப்பக்காவைக் கூப்பிட்டு ஒரு மன்னிப்புக் கடிதத்தை நீட்டினார்கள். எல்லாம் அவர்களே அச்சடித்து வைத்திருந்தார்கள், கையெழுத்துதான் பாக்கி. "ஒழுங்கீனமாக நடந்துகொண்டேன், வருந்துகிறேன்" என்ற வரியை அவள் பேனாவால் அடித்தாள். அதன் மேலே, "சாலட் கொண்டுவந்தேன். கதவைத் திறக்கச் சொன்னேன். வருத்தம் எதுவும் இல்லை" என்று எழுதி, அடியில் கையெழுத்துப் போட்டாள்.

இரண்டு வாரம் வேலைக்கு வரக் கூடாது என்றார்கள். அந்த இரண்டு வாரமும் நாங்கள் சேர்ந்துதான் சாப்பிட்டோம். மூன்று பேர் கணக்கை அவர்களும் அப்படியே விட்டுவிட்டார்கள். பூட்டு போன இடத்தில் கம்பிக் கதவு ஒன்றைப் போட்டு, உள்பக்கம் தாழ்ப்பாள் வைத்தார்கள். காற்றும் வரும், நாங்களே திறக்கவும் முடியும்.

அவளை மட்டும் சும்மா விடவில்லை. திரும்பி வந்த அன்றே மடிப்பு மேசையிலிருந்து எடுத்து, அழுக்குத் துணி பிரிக்கிற பகுதிக்கு மாற்றினார்கள். ஆஸ்பத்திரி மூட்டைகளைப் பிரிக்கிற இடம். ரத்தமும் நாற்றமும்தான். அங்கே போட்டால் ஒரே மாதத்தில் தானாக ஓடிவிடுவாள் என்று நினைத்தார்கள்.

"நான் போறதா இருந்தா அவங்க சொல்லிப் போக மாட்டேன்," என்றாள் என்னிடம். இன்னும் அங்கேதான் இருக்கிறாள். உருளையின் மறுபக்கம் இப்போது வேறொருத்தி நிற்கிறாள். நல்ல பெண்தான், ஆனால் எனக்குப் பழகவே இல்லை.

போன மாதம் ஒரு விரிப்புக்குள்ளிருந்து ஊசி ஒன்று அவள் கட்டைவிரலில் ஏறிவிட்டது. ரத்தப் பரிசோதனையில் ஒன்றுமில்லை என்று வந்தது. பிரிக்கிற எல்லாருக்கும் தடித்த கையுறை வேண்டும் என்று எழுதிக் கொடுத்தாள். பத்து நாளில் "பரிசீலனையில் உள்ளது" என்று பதில் வந்தது.

அதை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு உருளைப் பக்கம் வந்தாள்.

"எங்க பகுதியில ஒன்பது பேரு இருக்கோம். உங்க பக்கம் எத்தனை பேரு சாப்பிட வருவீங்க?"

"எல்லாரும் வருவோம்க்கா," என்றேன். யாரையும் கேட்காமல்தான் சொன்னேன்.