இலையையும் பூவையும் பிரித்த கை

வெள்ளைத் துணி விரித்த மேசைமேல் காய்ந்த இலை ஒரு பிடி விழுகிறது. இடது கை அதைத் தள்ளிப் பரப்புகிறது, ஒன்றின்மேல் ஒன்று கிடக்காதபடி மெல்லிசாக. வலது கையின் கட்டைவிரலும் நடுவிரலும் மட்டும் உள்ளே போகின்றன. ஒரு துணுக்கை எடுத்துப் பக்கத்திலிருக்கும் கண்ணாடிச் சாடியில் போடுகின்றன. மறுபடியும் போகின்றன. கண்கள் துணியைப் பார்ப்பதில்லை. ஜன்னலுக்கு வெளியே யாரோ கொடியில் துணி காயப்போடுவதைப் பார்த்துக்கொண்டிருக்கின்றன.

விரல்கள் தேடுவது பிசுக்கை. அந்தச் செடியின் பூ நுனி எவ்வளவு காய்ந்தாலும் லேசாக ஒட்டும். இலை ஒட்டாது, நொறுங்கும். நொய்யரிசி அளவு பூத்துணுக்கு இலைக்குள் ஒளிந்திருந்தாலும் அந்த இரண்டு விரல்களுக்குத் தெரிந்துவிடும். எப்படித் தெரிகிறது என்று கேட்டால், "தெரியுது" என்பார், அவ்வளவுதான்.

செடி, கஞ்சாச் செடி. இடம், உழவர்கரையில் உரிமம் பெற்ற சித்த மருந்துக்கூடம் ஒன்றின் பின்னறை. நம் நாட்டுச் சட்டம் இந்தச் செடியை முழுசாகப் பார்ப்பதில்லை, பாகம் பாகமாகப் பார்க்கிறது. பூவும் காயும் தாங்கிய நுனிதான் சட்டப்படி கஞ்சா, வைத்திருந்தால் சிறை. நுனியோடு சேராத இலைக்கு அந்தப் பெயர் கிடையாது. உரிமம் உள்ளவர் அதில் மருந்து செய்யலாம், வைத்தியர் சீட்டு உள்ளவருக்கு விற்கலாம். விதை உணவுப்பொருள், அளவுக்குள் இருந்தால் அதன் எண்ணெயைப் புட்டியில் அடைத்துக் கடையிலேயே வைக்கிறார்கள். இலை விஷயத்தில் மாநிலத்துக்கு மாநிலம் வேறு விதி. ஒரே காம்பில், ஒரு விரற்கடை தூரத்தில், இந்தப் பக்கம் மருந்து, அந்தப் பக்கம் குற்றம். டில்லியில் எழுதிய அந்தக் கோட்டை உழவர்கரையில் காவல் காப்பவை இந்த இரண்டு விரல்கள். முதல்முறை அதைப் பார்த்த அன்று, நின்ற இடத்தை விட்டு நகர எனக்கு வெகுநேரம் ஆயிற்று.

விரல்களுக்குச் சொந்தக்காரர் வீராயி. குருசுக்குப்பத்தில் பிறந்து, அங்கேயே வாழ்க்கைப்பட்டவர். ஐம்பது வயது. கணவர் கடலுக்குப் போகிறார். வீராயி இருபத்தெட்டு வருடம் நெல்லித்தோப்பு மார்க்கெட்டில் கருவாடு விற்றார். சென்னாக்குன்னி என்னும் பொடி இறாலைக் காயவைத்து, மணலும் சிப்பித் தூளும் வேறு குஞ்சு மீனும் இல்லாமல் பொறுக்கி எடுப்பதில் அவருக்கு ஈடு யாருமில்லை என்று வாங்குகிறவர்கள் சொல்வார்கள். சித்த மருத்துவர் பலராமனும் வாங்குகிறவர்களில் ஒருவர். வலி எண்ணெய் செய்கிற அவருக்கு அப்போது ஒரு கவலை இருந்தது. இலை பொறுக்க வைத்த மூன்று பேரும் சரிப்படவில்லை. ஒவ்வொரு முறையும் சோதனைச்சாலை, மாதிரியில் பூத்துணுக்கு இருக்கிறது என்று எழுதிவிட்டது. ஒருநாள் காலை சென்னாக்குன்னியைத் தட்டில் கொட்டிப் பார்த்தவர், ஒரு மணல்கூடக் காணாமல், நேரே மார்க்கெட்டுக்கே திரும்பி வந்தார்.

"எங்கிட்ட வேலைக்கு வர்றியாம்மா? இலை பொறுக்கணும்."

"என்னா எல?"

அவர் சொன்னார். வீராயி தராசை இறக்கி வைத்தார்.

"நல்லா இருக்குது டாக்டரே. கருவாடு வாங்க வந்தியா, என்னைப் புடிச்சிக் குடுக்க வந்தியா?"

பக்கத்துக் கடைக்காரிகள் சிரித்தார்கள். அன்றிலிருந்து குப்பத்தில் அவருக்குக் கஞ்சாக்காரி என்று பெயர். முதலில் கேலி. பிறகு பாதி கேலி.

அவர் உடனே ஒப்புக்கொள்ளவில்லை. உரிமத்தைக் கொண்டுவரச் சொன்னார். தனக்குப் படிக்க வராததால் நான்கு நாள் நான்கு பேரிடம் கொடுத்துப் படிக்கச் சொல்லிக் கேட்டார். நான்கு பேரும் ஒரே மாதிரி படித்த பிறகுதான் வந்தார். வந்தும், முதல் மாதம் முழுக்க ஒரு கிராம்கூட முடித்துத் தரவில்லை. பூ ஒரு தட்டு, இலை ஒரு தட்டு, விதை ஒரு தட்டு வைத்து, கண்ணை மூடிக்கொண்டு தொட்டுத் தொட்டுப் பார்த்தார். யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை, சொல்லிக்கொடுக்கத் தெரிந்தவரும் அங்கே இல்லை. இரண்டாம் மாதம் அவர் பொறுக்கிய இலை சோதனைக்குப் போனது. பூ இல்லை என்று வந்தது. அதன்பின் இந்த மூன்று வருடத்தில் வேறு மாதிரி வரவேயில்லை.

வைத்தியரிடம் முழங்கால் வலிக்கு வருகிற ஜொசியான் மதாம் ஒருநாள் அந்த அறையை எட்டிப் பார்த்தார். அவர் மகன் ஃபாபிரிஸ் பிரான்சில் இருக்கிறான். "அங்க இந்த எண்ணெயைக் கடையில போயி வாங்கிக்கிறான். சீட்டும் கேக்கறதில்ல, ஒண்ணும் கேக்கறதில்ல. போதை கம்மியா இருந்தா, கடக்காரன் பூவையே சாடியில போட்டு வெச்சிருக்கானாம். அம்மா, அனுப்பவான்னான். ஏர்போர்ட்டுல புடிச்சா உன் அம்மாவ ஜெயில்ல வந்து பாருன்னுட்டேன்."

வீராயியின் விரல்கள் நின்றுவிட்டன. "பூவையேவா? சாடியிலயா?" தன் பக்கத்திலிருந்த சாடியைப் பார்த்தார். அதிலிருப்பதை மாதக் கடைசியில் எடை போட்டு, அதிகாரி முன்னால் எரிப்பது வழக்கம். "கடல் ஒண்ணுதான், மதாம். அந்தக் கரைக்கு ஒரு ஞாயம், இந்தக் கரைக்கு ஒரு ஞாயம்."

இந்த வருடம் மாசி மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை நடந்ததைத்தான் நான் சொல்ல வந்தேன்.

பொறுக்கி முடித்த இலையைப் பலராமனின் காரைக்கால் கூடத்துக்கு அனுப்ப வேண்டும். எண்ணெய் காய்ச்சுவது அங்கேதான். காரைக்கால் நம் ஊரோடு சேர்ந்ததுதான், ஆனால் நடுவில் தமிழ்நாட்டைக் கடந்துதான் போக வேண்டும். அங்கே விதி வேறு. அதனால் வண்டி எந்த வழியாகப் போகும், எத்தனை டப்பா, எத்தனை எடை என்று எழுதிய அனுமதிச் சீட்டு ஒன்று கூடவே போகும். அந்த முறை சீட்டில் இருந்தது இருபது டப்பா, டப்பாவுக்கு ஒரு கிலோ. பொறுக்கிய இலையும் எடை போட்டபோது இருபது கிலோ சரியாக இருந்தது. திங்கள் மதியம் வீராயி டப்பாக்களை நிரப்பினார். பத்தொன்பது முடிந்ததும் பொழுதாகிவிட்டது. மிச்சத்தைப் பையோடு அறையில் வைத்துப் பூட்டினார்கள். செவ்வாய் காலை பத்து மணிக்கு முத்திரை வைக்க அதிகாரி வருவார்.

எட்டரைக்குக் கவிநிலா வந்தாள். மருந்தியல் படித்தவள், கூடத்தின் எடைக்கும் சோதனைக்கும் அவள்தான் பொறுப்பு. மிச்சப் பையைத் தராசில் வைத்தாள். ஒரு கிலோ இருக்க வேண்டியது அறுநூற்று இருபத்திரண்டு கிராம் காட்டியது. இறக்கி மறுபடி வைத்தாள். அதேதான்.

முந்நூற்று எழுபத்தெட்டு கிராம் கஞ்சா இலை காணவில்லை. முந்தைய நாள் அந்த அறைக்குள் போய் வந்தவர்கள் இரண்டே பேர், அவளும் வீராயியும்.

வீராயி வந்து செருப்பைக் கழற்றும்போதே அவள் கேட்டுவிட்டாள். "அக்கா, உங்க பையக் கொஞ்சம் காட்றீங்களா?"

"எதுக்கு?"

"எடை கொறையுது. ரூல்ஸு அக்கா. என் பையையும் நீங்க பாருங்க."

வீராயி பையைத் தலைகீழாகக் கவிழ்த்தார். சோற்று டப்பா, சுருக்குப் பை, ஒரு துண்டு. "பாத்துக்கோ. ஒதறிக் காட்டட்டுமா? பொடவையையும் ஒதறணுமா?"

"அப்டிச் சொல்லல அக்கா..."

"நீ சொல்ல மாட்ட. பத்து மணிக்கு வர்றவரு சொல்வாரு. அப்புறம் குப்பமே சொல்லும். மூணு வருஷமா கஞ்சாக்காரின்னு சும்மாவா கூப்புட்டோம்னு கேப்பாளுங்க." பையைத் தரையிலேயே விட்டுவிட்டார்.

பலராமன் வந்தார். விஷயத்தைக் கேட்டு நாற்காலியில் உட்கார்ந்தார். இலை குறைகிறது என்றால் வெளியே போயிருக்கிறது என்று அர்த்தம். உரிமம் போய்விடும். வழக்கு வந்தால் முதல் பெயர் வீராயியின் பெயர். ஆனால் அவர் சத்தம் போடவில்லை. பழைய மனிதர், நிதானம் உண்டு.

"வீராயி, நேத்து எப்படி நெரப்புன? ஒண்ணும் விடாம செஞ்சு காட்டு."

வீராயி கண்ணைத் துடைத்துக்கொண்டு, காலியாக இருந்த இருபதாவது டப்பாவைத் தராசில் வைத்தார். கவிநிலா டப்பாவின் எடையைக் கழித்தாள். பையிலிருந்த இலையை வலது கையால் அள்ளி அள்ளிப் போட்டார். நிறைய இலை இல்லாததால் அரைக் கிலோ வரட்டும் என்றார் வைத்தியர். முள் மாதிரி எண் நடுங்கி ஐந்நூறில் நின்றது. வீராயி டப்பாவைத் தராசிலிருந்து இறக்கி மேசையில் வைத்தார். மூடியை எடுக்க வலது கை போனது. அதே நேரம் இடது கை தானாகப் பையை நோக்கிப் போய், ஒரு பிடி அள்ளி, டப்பாவுக்குள் போட்டது. மூடி விழுந்தது.

"அது என்ன?" என்றாள் கவிநிலா.

"எது?"

"இப்ப போட்டீங்களே."

"நான் எங்க போட்டேன்?"

பொய் சொல்லவில்லை. அவருக்கு உண்மையிலேயே தெரியவில்லை. இருபத்தெட்டு வருடம் தராசை இறக்கியதும் அந்தக் கை ஒரு பிடி கொசுறு போட்டிருக்கிறது. போடாவிட்டால் மறுநாள் ஆள் வராது. மார்க்கெட்டை விட்டு வந்தது வீராயிதான். கை இன்னும் வரவில்லை.

இதற்குமுன் டப்பா கட்டியவள் கவிநிலா. டப்பா நிரப்பும் வேலையை வீராயியிடம் கொடுத்தது அதுதான் முதல்முறை.

பலராமன் சிரிக்க ஆரம்பித்து, நிறுத்தினார். "அடி ஆத்தா. எல்லாருக்கும் கொசுறு போட்டுக் கடைசி டப்பாவைப் பட்டினி போட்டுட்டியே. கருவாட்டுல ஒரு புடி கூடப் போனா தர்மம். இதுல ஒரு கிராம் கூடப் போனாலும் கணக்கில்லாத சரக்கு. வழியில எவனாவது ஒரு டப்பாவை எடை போட்டுப் பாத்தா, வண்டி ஓட்டுற தேவதாஸு ஜெயில்ல இருப்பான்."

மணி ஒன்பது பத்து. பத்தொன்பது டப்பாவையும் திறக்க வேண்டும். கவிநிலா முதல் டப்பாவைத் தூக்கப் போனாள். கரண்டியால் எடுத்து எடுத்து எடையைச் சரிபார்க்க நினைத்தாள்.

"இரு பாப்பா," என்றார் வீராயி. "போட்ட கையே எடுக்கட்டும்."

இடது கையை டப்பாவுக்குள் விட்டார். பார்க்காமல், யோசிக்காமல், ஒரு பிடி. எடுத்துப் பைக்குள் போட்டார். டப்பாவைத் தராசில் வைத்தார். 1.000.

அடுத்தது. 1.000. அடுத்தது. 0.999. வீராயி அந்த எண்ணை ஏறிட்டும் பார்க்கவில்லை, கவிநிலாதான் பார்த்தாள். நான்காவது, ஐந்தாவது. ஒரு கிராம் முன்னே, ஒரு கிராம் பின்னே. அவள் எழுதுவதை நிறுத்திவிட்டு அந்தக் கையையே பார்த்தாள். கல்லூரியில் அவளுக்குக் கிராமைக் காட்டிய தராசுகளை எல்லாம் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்திருந்தார்கள், காற்று படக்கூடாது என்று. இங்கே ஒரு கிராம், கண்ணாடி வளையல் போட்ட கையில் இருந்தது.

ஒன்பதாவது டப்பாவில் வீராயி கையை விடவில்லை. தூக்கிப் பார்த்தார், அப்படியே நகர்த்தினார். "இதுல போடல."

"எப்படித் தெரியும்?"

"லேசா இருக்குது."

கவிநிலா நம்பாமல் தராசில் வைத்தாள். 1.000. முந்தைய நாள் அதை நிரப்பும்போது ஜொசியான் மதாம் வாசலில் கூப்பிட்டதும், வீராயி எழுந்து போனதும் அவளுக்கு அப்போதுதான் நினைவுக்கு வந்தது. பலராமன் நாற்காலியிலிருந்து எழுந்து நின்றார். ஏன் எழுந்தார் என்று அவருக்கே தெரிந்திருக்காது. பெரியவர் யாராவது உள்ளே வந்தால் எழுவது போல எழுந்தார்.

பத்தொன்பதும் முடிந்தது. ஒரு கிராம் இரண்டு கிராம் விட்டுப்போனதைக் கவிநிலா இடுக்கியால் சரிசெய்தாள். பைக்குத் திரும்பிய இலையை இருபதாவது டப்பாவில் போட வேண்டும். வீராயி இடது கையை முந்தானையில் சுற்றி இடுப்பில் செருகிக்கொண்டார். "இத நம்ப முடியாது. கொஞ்ச நேரம் கட்டிப் போட்டாத்தான் அடங்கும்." ஒற்றைக் கையால் நிரப்பினார். பை காலியானது. தராசு ஒரு கிலோவில் நின்றது.

கவிநிலா அவருடைய சோற்றுப் பையைத் தரையிலிருந்து எடுத்து, துண்டை மடித்து உள்ளே வைத்து, ஆணியில் மாட்டினாள். "அக்கா, நான் அப்டிக் கேட்டிருக்கக் கூடாது."

"கேக்கணும்," என்றார் வீராயி. "நாளைக்கும் கேளு. ஆனா செருப்ப கழட்ட வுட்டுட்டுக் கேளு."

அதிகாரி பத்தேகாலுக்கு வந்தார். தானாக மூன்று டப்பாவைத் தேர்ந்தெடுத்து நிறுத்தார். பிறகு ஏனோ இன்னும் மூன்றை நிறுத்தார். சாடியை நிறுத்தார். தன் தராசைத் தட்டிப் பார்த்தார். "என்ன டாக்டர், எல்லாம் ஒரே எடையா இருக்குது. மெஷின் போட்டுட்டீங்களா?"

"ஆமா சார்," என்றார் பலராமன். "குருசுக்குப்பத்து மெஷின்."

அரக்கு உருக்கி, இருபது மூடியிலும் முத்திரை விழுந்தது. வண்டியோட்டி தேவதாஸ் அனுமதிச் சீட்டை வாங்கி, கடலூர், சிதம்பரம் என்று வழியைச் சத்தமாகப் படித்து, கையெழுத்துப் போட்டார். வண்டியின் பின்கதவு திறந்தது. வீராயி டப்பாக்களை ஒவ்வொன்றாகத் தூக்கி எண்ணிக்கொண்டே கொடுத்தார். அரக்குச் சூடு இன்னும் ஆறாத இருபதாவதை இரண்டு கையாலும் நீட்டி, "எண்ணிக்க தம்பி, இருவது," என்றார். தேவதாஸ் வாங்கிக்கொண்டார்.