ஒவ்வொன்றாக இறக்கியவர்

குடவாசல் பக்கம் ஒரு அரிசி ஆலையை மூடிவிட்டார்கள். கிளவுடில் கிடந்த அதன் ஃபைல்களையெல்லாம் ஹார்ட் டிஸ்க்கில் இறக்கும் வேலை மட்டும் பழைய மேனேஜருக்கு மிச்சமிருந்தது. அவருக்கு உதவ என்னை அனுப்பினார்கள்.

தவிட்டுத் தூசி படிந்த ஆபீஸில் தனியாக உட்கார்ந்திருந்தார். யாருமே வராத ஆலைக்கு இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை. ஒரு ஃபைல் இறங்கியதும் அதைத் திறந்து, கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி நிதானமாகப் பார்த்துவிட்டுத்தான் அடுத்ததைத் தொடுவார்.

"சார், எல்லாத்தையும் செலக்ட் பண்ணி ஒரே தடவைல எறக்கிடலாம்" என்று மவுஸைப் பிடித்தேன்.

"தெரியும் தம்பி. மொத்தமா எறக்கிட்டா, நாளைக்கு வீட்லேருந்து எங்க கெளம்புறது?"

கையை எடுத்துவிட்டேன்.

நான் வாசலுக்கு வந்ததும், வேலை எப்போது முடியும் என்று ஆலை முதலாளி போனில் கேட்டார். "இங்க நெட் ரொம்ப ஸ்லோ சார், நாளாகும்" என்றேன்.

அந்த இஸ்திரிச் சட்டை இன்னும் எத்தனை நாள் ஆலைக்கு வந்ததோ, தெரியவில்லை.