முகத்தோடு எடுத்த படம்

1. கல்யாணம் இல்லாத கேசட்

கள்ளக்குறிச்சியில் அப்போது வீடியோ கேமரா வைத்திருந்த சிலரில் நானும் ஒருவன். தாலி கட்டும்போது குளோசப், பந்தியில் ஒரு பேன் ஷாட். எனக்குத் தெரிந்த சினிமா அவ்வளவுதான். இட ஒதுக்கீட்டுப் போராட்டம் சூடாக இருந்த காலம். சாலை மறியலில் கல்யாணங்கள் தள்ளிப்போய், சும்மா உட்கார்ந்திருந்தேன். வக்கீல் ஸ்டெல்லா தேடி வந்தார்.

"இலங்கையிலேர்ந்து படகுல வந்த குடும்பங்க சிலது வடக்கனந்தல் பக்கம் கரும்பு வெட்டிக்கினு இருக்குதுங்க. எந்தப் பதிவும் இல்ல. பிள்ளைங்கள பள்ளிக்கூடத்துல சேத்துக்க மாட்டேன்றாங்க. ஒரு படம் எடுத்து, அகதிங்கள பதிவு பண்ற ஆபீசருக்குப் போட்டுக் காட்டணும்."

"டாக்குமெண்டரில்லாம் எனக்கு வராதுங்க."

"தாலிய ரெண்டாவது வாட்டியா கட்டச் சொல்றீங்க? நடக்கறத அப்படியே எடுக்கறீங்க இல்ல. அதான் இதுவும்."

2. யாருடைய கை?

கல்வராயன் மலை அடிவாரத்துக் கரும்புக் காடு. வாயைத் திறந்தால் போலீசில் சொல்லிவிடுவதாக மேஸ்திரி அவர்களை மிரட்டி வைத்திருந்தார். அதனால் முகம் காட்ட வேண்டாம் என்று நானும் ஸ்டெல்லாவும் முடிவெடுத்தோம். கை, கால், முதுகு என்று எடுத்துத் தள்ளினேன்.

எடுத்ததை வியூஃபைண்டரில் ஓட்டிக் காட்டச் சொன்னார், அங்கே கரும்பு வெட்டிக்கொண்டிருந்த புஷ்பராணி. கண்ணை வைத்துப் பார்த்துவிட்டுக் கேட்டார்: "இது யாற்ற கை?"

"உங்களுதுதாங்க."

"எனக்கே தெரியேல்லை. அந்த ஐயாவுக்கு எப்பிடித் தெரியும்? முகத்தை எடுங்கோ."

"புடிச்சிக்கினு போயிட்டா இன்னா பண்ணுவீங்க?"

"இவ்வளவு நாளும் ஒளிச்சுத்தானே இருக்கிறன். அதுவும் மறியல்தான் தம்பி."

அவர்கள் ஊரில் மறியல் என்றால் சிறை என்று ஸ்டெல்லா எனக்கு விளக்கினார். ரெக்கார்ட் பட்டனை அழுத்தினேன். புஷ்பராணி லென்ஸை நேராகப் பார்த்துப் பேசினார். "என்ர மகள் பள்ளிக்கூட வாசலில நிண்டு, பிள்ளையள் பாடுறதைக் கேட்டுப்போட்டு வாறாள்."

3. புளியமரம்

படம் போடும் நாளன்று டிவி, வி.சி.ஆர்., ஜெனரேட்டரோடு புஷ்பராணியையும் ஏற்றிக்கொண்டு வேனில் கிளம்பினோம். வழியில் சாலைக்குக் குறுக்கே புளியமரம் வெட்டிக் கிடந்தது. மறியல்காரர்கள் சூழ்ந்துகொண்டார்கள்.

"இன்னா பொட்டி இது?" என்றார் தாடிக்காரர் ஒருவர்.

"டிவிங்க. ஆபீசருக்குப் படம் காட்டப் போறோம்."

"நாங்க ரோட்ல காயறோம், ஆபீசருக்குப் படம் கேக்குதா? எங்களுக்குப் போடு பாப்பம்."

வேறு வழியில்லை. மரத்தின் மேலேயே டிவியை வைத்து ஜெனரேட்டரை முடுக்கினேன். புஷ்பராணியின் முகம் வந்ததும் எல்லோரும் திரும்பி, பக்கத்தில் நின்றவரைப் பார்த்தார்கள். "சவுண்ட ஜாஸ்தி வை" என்றார் தாடிக்காரர். முடிந்ததும் தாடிக்காரர் தன் ஆட்களைக் கூப்பிட்டார்.

"பொட்டியத் தூக்குங்கடா" என்றார் அவர். மரத்தைத் தாண்டிச் சாமான்களை இறக்கி, அந்தப் பக்கம் நின்ற டிராக்டரில் ஏற்றியும் விட்டார்கள். "ஆபீசர் கையில எங்க கோரிக்கையும் ஒரு வார்த்த சொல்லுங்க."

ஆபீசில் அதிகாரி முழுப் படத்தையும் பார்த்தார். "படத்துல யாரு வேணா நடிக்கலாமே" என்றார்.

புஷ்பராணி டிவிக்குப் பக்கத்தில் போய் நின்றார். "நடிக்கேல்லை ஐயா. நான்தான்."

அவர் திரையையும் இவரையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு நாற்காலியைக் காட்டி உட்காரச் சொல்லி, பெயர் கேட்டார்.

4. பிறகு

பதிவு கிடைத்தது. மகள் பள்ளிக்கூடம் போனாள். ஆனால் எல்லோரையும் அகதி முகாமுக்கு மாற்றிவிட்டார்கள். வெளியே போக அனுமதி வாங்க வேண்டும். சங்கடத்தோடுதான் பார்க்கப் போனேன். புஷ்பராணி தேநீர் கொடுத்துவிட்டு வாசல் கேட்டைக் காட்டினார்.

"அடுத்த படம் இதைப் பற்றி எடுங்கோ. நான் கதைக்கிறன்."

எடுத்தோம்.

இன்று செல்போனிலேயே படம் எடுக்கும் பிள்ளைகளுக்கு ஒன்று சொல்வேன். முகத்தைக் காட்டலாமா, மறைக்கலாமா என்று நீங்களாக முடிவு செய்யாதீர்கள். முகத்துக்கு உரியவரிடம் கேளுங்கள். பிரச்சினை என்று வந்தால் நாம் கேமராவை மூடிக்கொண்டு வீட்டுக்குப் போய்விடுவோம். அவர் அங்கேயேதான் இருக்க வேண்டும்.